கிரேடியஸ்: முதல் மலையில் மோதிச் சாகாமல் இருக்க ஒரு வழிகாட்டி

கிரேடியஸ் என்ற பழைய வீடியோ கேமைப் புதிதாகத் தொடுகிற எல்லாரும் முதல் ஐந்து நிமிடத்தில் ஒரே தவறைத்தான் செய்கிறார்கள். சிவப்பாக ஏதோ மிதந்து வரும், எடுப்பார்கள். திரையின் அடியில் ஒரு கட்டம் ஒளிரும், பொத்தானை அமுக்குவார்கள். கப்பல் கொஞ்சம் வேகமாகும். நன்றாக இருக்கிறதே என்று அடுத்ததையும் எடுத்து உடனே அமுக்குவார்கள். இப்படி நாலைந்து முறை ஆனதும் கப்பல் தொட்டால் பறக்கிற நிலைக்கு வந்துவிடும். மேலே இருந்து வருகிற ஒரு குண்டுக்கு விலகலாம் என்று லேசாகக் கீழே அழுத்தினால், நேராகப் போய் மலையில் முட்டி வெடிக்கும். நானும் அப்படித்தான் தொடங்கினேன். எத்தனை நாள் அப்படியே ஆடினேன் என்று மட்டும் கேட்காதீர்கள்.

பார்ப்பதற்கு இது சுடுகிற கேம். உண்மையில் இது சேர்த்து வைத்துச் செலவு செய்கிற கேம். இந்த ஒன்று புரிந்துவிட்டால் மற்றது எல்லாம் பழக்கம்தான். புரியாமல் எவ்வளவு வேகமாகச் சுட்டாலும் இரண்டாவது ஸ்டேஜுக்கு மேல் போவது கடினம்.

முன்கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். ஜப்பானின் கொனாமி நிறுவனம் 1985இல் ஆர்கேடுக்காக, அதாவது கடைகளில் காசு போட்டு ஆடும் இயந்திரத்துக்காக, வெளியிட்ட கேம் இது. ஜப்பானுக்கு வெளியே முதலில் 'நெமெசிஸ்' என்ற பெயரில் போனது. பழைய பட்டியல்களில் அந்தப் பெயரைப் பார்த்தால் வேறு கேம் என்று நினைத்துவிடாதீர்கள். இதே நிறுவனத்தின் 'ஸ்கிராம்பிள்' 1981இல் வந்தது. இடமிருந்து வலமாகத் தானாக நகரும் நிலப்பரப்பு, அதன் மேல் பறக்கும் கப்பல் என்ற அமைப்பு அதில் உண்டு. அதற்குத் தொடர்ச்சி செய்ய உட்கார்ந்த ஹிரோயாசு மச்சிகுச்சியின் குழு கடைசியில் கிரேடியஸோடு எழுந்தது. இசை மிக்கி ஹிகாஷினோ. நீங்கள் ஓட்டும் கப்பலின் பெயர் விக் வைப்பர். மொத்தம் ஏழு ஸ்டேஜ். ஏழும் முடிந்தால் கேம் முடியாது, இன்னும் கடினமாகி முதலிலிருந்து சுற்றும்.

முதல் படி: எந்தப் பதிப்பு?

இதில்தான் புதியவர்கள் அதிகம் குழம்புகிறார்கள். ஒரே பெயரில் பத்துப் பன்னிரண்டு கிரேடியஸ் இருக்கின்றன, ஒன்றுபோல் ஒன்று இல்லை.

ஆர்கேட் மூலத்தை ஆட வேண்டும் என்றால் இன்று எளிய வழி 2025 ஆகஸ்டில் வந்த 'கிரேடியஸ் ஆரிஜின்ஸ்' தொகுப்பு. பிஎஸ்5, எக்ஸ்பாக்ஸ், ஸ்விட்ச், ஸ்டீம் எல்லாவற்றிலும் கிடைக்கிறது. பழைய கேம்களை அச்சு அசலாக மறுபடி கொண்டுவருவதில் பேர் வாங்கிய எம்2 குழுவின் வேலை. முதல் மூன்று கிரேடியஸ், அதன் கிளையான சாலமாண்டர் வரிசை, புதிதாகச் செய்த சாலமாண்டர் 3 எல்லாம் ஒன்றாக வருகின்றன. நமக்கு அதைவிட முக்கியம், அதில் பயிற்சி முறை இருக்கிறது, ஆடியதைப் பின்னோக்கி இழுக்கும் வசதி இருக்கிறது, எளிய முறையும் சாகாத முறையும் இருக்கின்றன. 2019இல் வந்த கொனாமியின் ஆர்கேட் ஆண்டுவிழாத் தொகுப்பிலும் நெமெசிஸ் உண்டு. ஏற்கெனவே அது கையில் இருந்தால் தொடங்குவதற்கு அதுவே போதும்.

வீட்டுக்கு வந்த பதிப்புகளில் முதலில் பார்க்க வேண்டியது 1986 ஏப்ரலில் வந்த ஃபாமிகாம் பதிப்பு. நம் ஊரில் 90களில் டிவியில் கேசட் போட்டு ஆடினோமே, அந்த நகல் இயந்திரங்களின் அசல்தான் ஃபாமிகாம். அமெரிக்காவில் அதன் பெயர் என்இஎஸ். ஆர்கேடைவிட இந்தப் பதிப்பு எளிது. கப்பலுக்குத் துணையாக வரும் 'ஆப்ஷன்' ஆர்கேடில் நான்கு, இதில் இரண்டுதான். லேசர் நீளக் கோடாக வராமல் துண்டாக வரும். ஒரே கிடைக்கோட்டில் எட்டுச் சிறு உருவங்களுக்கு மேல் அந்த இயந்திரத்தால் காட்ட முடியாது. அதனால் கூட்டம் சேரும்போது படம் மினுக்மினுக் என்று அணைந்து எரியும். பழுது என்று நினைத்து வயரை ஆட்ட வேண்டாம். ஸ்விட்ச் ஆன்லைன் சந்தா வைத்திருப்பவர்களுக்கு என்இஎஸ் பட்டியலில் இந்தப் பதிப்பு 2018 தொடக்க நாளிலிருந்தே இருக்கிறது.

எம்எஸ்எக்ஸ் கணினிக்கு வந்த பதிப்பு தனி ரகம். அந்தக் கணினியில் படத்தை வழுக்கலாக நகர்த்தும் வன்பொருள் வசதி கிடையாது. ஆகவே மலை முழுக்க எட்டு எட்டுப் புள்ளியாகத் தாவித் தாவி நகரும், கண் பழக நேரம் எடுக்கும். ஆனால் அதில் ஒளித்து வைத்த வேடிக்கை ஒன்று உண்டு. கணினியின் இரண்டாவது கேசட் வாயில் கொனாமியின் 'ட்வின்பீ' கேசட்டைச் செருகி வைத்துவிட்டு கிரேடியஸைத் தொடங்கினால், விக் வைப்பருக்குப் பதில் ட்வின்பீயின் பொம்மைக் கப்பல் பறக்கும்.

மற்றவற்றை விரைவாகச் சொல்கிறேன். ஷார்ப் நிறுவனத்தின் எக்ஸ்68000 கணினியோடு 1987இல் இந்த கேம் சேர்த்தே கொடுக்கப்பட்டது. ஆர்கேடுக்கு அருகில் நின்ற முதல் வீட்டுப் பதிப்பு அதுதான். பிசி எஞ்சின் என்ற கேம் இயந்திரத்துக்கு 1991இல் வந்ததில் எலும்புகள் கிடக்கும் பாலைவன ஸ்டேஜ் ஒன்று கூடுதலாக உண்டு. பிளேஸ்டேஷனுக்கும் சாட்டர்னுக்கும் 1996இல் 'டீலக்ஸ் பேக்' வந்தது, முதல் இரண்டு கிரேடியஸும் அதில் ஒன்றாக. கொமடோர் 64, ஸ்பெக்ட்ரம் போன்ற கணினிகளுக்கு வந்த நெமெசிஸ் ஆர்வத்துக்கு ஒருமுறை பார்க்க வேண்டியது, அங்கே போய் ஆடக் கற்க வேண்டாம்.

என் யோசனை இது: ஃபாமிகாம் பதிப்பில் கணக்கைப் பழகுங்கள், பிறகு ஆர்கேடுக்குப் போங்கள். நேராக ஆர்கேடில்தான் தொடங்குவேன் என்றால் ஆரிஜின்ஸின் பயிற்சி முறையில் தொடங்குங்கள்.

இரண்டாவது படி: கைக்கும் திரைக்கும் நடுவே

புது டிவிகள் படத்தை அழகாக்குகிறேன் என்று ஒரு கணம் தாமதித்துக் காட்டும். படம் பார்க்கும்போது தெரியாது, இந்த கேமில் அந்தக் கணம்தான் உயிர். டிவி அமைப்பில் கேம் மோட் போட்டுவிடுங்கள். குச்சி வேண்டாம், கூட்டல் குறி போன்ற திசைப் பொத்தானையே பயன்படுத்துங்கள். விரலை எடுத்தவுடன் கப்பல் நிற்க வேண்டும், அதுதான் தேவை. முடிந்தால் வயர் போட்ட கன்ட்ரோலர்.

ஆர்கேடில் மூன்று பொத்தான்: சுட, மிஸைல் போட, பவர்-அப் வாங்க. ஃபாமிகாமில் இரண்டுதான் இருப்பதால் சுடுவதும் மிஸைலும் ஒன்றிலேயே போகும். மூன்று பொத்தான் உள்ள பதிப்பில் பவர்-அப்பைத் தற்செயலாகத் தட்ட முடியாத தூரத்தில் மாற்றி வைத்துக்கொள்ளுங்கள். பதற்றத்தில் தப்புப் பொத்தானை அமுக்கி, நான்கு காப்ஸ்யூல் (மிதந்து வரும் அந்தச் சிவப்புப் பொருள்) சேர்த்து வைத்ததை வேண்டாத ஆயுதத்தில் தொலைத்த வயிற்றெரிச்சலில் சொல்கிறேன்.

மூன்றாவது படி: அடியில் இருக்கும் பட்டை

இதை மட்டும் நிதானமாகப் படியுங்கள்.

திரையின் அடியில் வரிசையாக ஆறு கட்டங்கள்: ஸ்பீட் அப், மிஸைல், டபுள், லேசர், ஆப்ஷன், கடைசியில் வெறும் கேள்விக்குறி. அந்தக் கேள்விக்குறிதான் கேடயம். ஒரு சிவப்புக் காப்ஸ்யூல் எடுத்தால் முதல் கட்டம் ஒளிரும். இன்னொன்று எடுத்தால் ஒளி இரண்டாவதுக்கு நகரும். பவர்-அப் பொத்தானை அமுக்கினால் அப்போது ஒளிர்வது உங்களுக்குக் கிடைக்கும், பட்டை மறுபடி காலியாகும். அவ்வளவுதான் விதி.

ஆக ஒவ்வொன்றுக்கும் விலை இருக்கிறது. வேகம் ஒரு காப்ஸ்யூல், மிஸைல் இரண்டு, டபுள் மூன்று, லேசர் நான்கு, ஆப்ஷன் ஐந்து, கேடயம் ஆறு. கையில் சில்லறை வந்த உடனே மிட்டாய் வாங்குகிற பிள்ளைதான் எல்லாக் காப்ஸ்யூலையும் வேகத்தில் போடுகிறவர். ஐந்து சேரும்வரை பொறுத்தால் ஆப்ஷன்.

புதியவர்களுக்கு நான் சொல்லும் வரிசை இது. முதல் காப்ஸ்யூலில் ஒரு வேகம். இது இல்லாமல் கப்பல் மாட்டுவண்டி. அடுத்த இரண்டில் மிஸைல். அடுத்த ஒன்றில் இன்னொரு வேகம். இத்தோடு வேகத்துக்கு முழுக்குப் போடுங்கள், ஏனென்றால் ஏறிய வேகத்தைக் குறைக்க வழியே இல்லை. அடுத்த ஐந்தில் முதல் ஆப்ஷன். அதாவது ஒன்பதாவது காப்ஸ்யூலில் உங்களுக்கு ஒரு துணை வந்துவிடும். பிறகு நான்கில் லேசர், பிறகு ஐந்தில் இன்னொரு ஆப்ஷன், கடைசியாகக் கேடயம். ஃபாமிகாமில் இந்த முழுச் சட்டையும் மாட்ட மொத்தம் 24 காப்ஸ்யூல். நான்கு ஆப்ஷன் உள்ள ஆர்கேடில் 34. லேசரை ஆப்ஷனுக்கு முன்னால் வாங்குகிறவர்களும் உண்டு, அது தப்பில்லை. எனக்கு ஆப்ஷன் முதலில் வந்தால்தான் மனசு நிற்கும்.

இரண்டு பொறிகள். ஒன்று, கேள்விக்குறி ஒளிரும்போது இன்னொரு காப்ஸ்யூல் எடுத்தால் ஒளி சுற்றி மறுபடி ஸ்பீட் அப்புக்கு வந்துவிடும், ஆறும் போச்சு. கேடயம் ஏற்கெனவே இருந்து, பட்டை கேள்விக்குறிக்கு அருகில் வந்துவிட்டால் அதற்கு முன்பே எதையாவது வாங்கிவிடுங்கள், அல்லது அடுத்த காப்ஸ்யூலைத் தொடாமல் விடுங்கள். இரண்டு, டபுளும் லேசரும் ஒன்றாக இருக்காது. டபுள் நேராக ஒன்றும் சாய்வாக மேலே ஒன்றும் சுடும். லேசரோ ஒரு எதிரியைத் துளைத்துப் பின்னால் இருப்பவனையும் அடிக்கும். லேசர் வைத்திருக்கும்போது கவனக்குறைவாக டபுள் வாங்கினால் லேசர் போய்விடும். டபுள் பயனற்றது இல்லை, கூரையில் ஒட்டியிருக்கும் பீரங்கிகளுக்கு அருமையானது. ஆனாலும் முதல் மாதத்துக்கு அது இருப்பதை மறந்துவிடுங்கள்.

நீல நிறக் காப்ஸ்யூல் எப்போதாவது வரும். அது பட்டையில் சேராது, திரையில் உள்ள சிறு எதிரிகளை ஒரே அடியில் அழிக்கும். நெருக்கடியில் இருக்கும்போது பக்கத்தில் வந்தால் எடுங்கள், மற்ற நேரத்தில் துரத்தாதீர்கள்.

துரத்தாதீர்கள் என்பது சிவப்புக்கும் பொருந்தும். காப்ஸ்யூல் திரையின் இடது ஓரத்தை நோக்கி நழுவிக்கொண்டே போகும். அதன் பின்னாலேயே போய் முதுகைக் காட்டிக்கொண்டு செத்தவர் கணக்கு ஏராளம். போனால் போகட்டும்.

நான்காவது படி: முதல் நிமிடத்தை மனப்பாடம் செய்யுங்கள்

ஒவ்வொரு ஸ்டேஜும் வெட்டவெளி வானத்தில்தான் தொடங்கும். மலையோ சுவரோ இல்லாத இந்தக் கொஞ்ச நேரம் உங்கள் அறுவடைக் காலம். முதல் ஸ்டேஜில் காற்றாடி மாதிரி சுழலும் எதிரிகள் வரிசை கட்டி வருவார்கள். மேலிருந்து ஒரு வரிசை, கீழிருந்து ஒரு வரிசை. ஒரு வரிசையில் ஒருவரையும் விடாமல் சுட்டால்தான் காப்ஸ்யூல் விழும். மூன்றைச் சுட்டு ஒன்றை விட்டால் ஒன்றும் கிடையாது. தனியாக வருபவர்களில் சிவப்பாக இருப்பவர் காப்ஸ்யூல் சுமப்பவர். நிறத்தைப் பார்த்துச் சுடக் கண்ணைப் பழக்குங்கள்.

இன்னொரு நுட்பம்: உங்கள் குண்டுகள் ஒரே நேரத்தில் இத்தனைதான் திரையில் இருக்கலாம் என்று அளவு உண்டு. குண்டு எதிரியில் பட்டோ திரையைத் தாண்டியோ மறைந்தால்தான் அடுத்தது கிளம்பும். ஆகவே தூரத்தில் நின்று சுட்டால் துப்பாக்கி இருமுகிற மாதிரி வரும், நெருங்கிச் சுட்டால் சடசடவென்று கொட்டும். பயத்தில் இடது ஓரத்தோடு ஒட்டிக்கொண்டு ஆடுகிறவர்கள் அதனால்தான் தடுமாறுகிறார்கள். திரையின் இடதுபக்கம் மூன்றில் ஒரு பங்கு உள்ளே வந்து நில்லுங்கள்.

மலைகள் தொடங்கும்போது உங்களிடம் குறைந்தது ஒரு வேகமும் மிஸைலும் இருக்க வேண்டும். மிஸைல் கீழே விழுந்து தரையோடு ஊர்ந்து போகும், நீங்கள் குனியாமலே தரைப் பீரங்கிகளையும் நடமாடும் எந்திரங்களையும் அது பார்த்துக்கொள்ளும். எதிரிகளைக் கொத்துக் கொத்தாக வெளியே விடும் கூடு ஒன்று தரையில் இருக்கும், கூரையிலும் தொங்கும். கண்ணில் பட்ட உடனே அதை உடையுங்கள், திறந்து கொட்டத் தொடங்கிய பிறகு தலைவலி.

கடைசியில் இரண்டு எரிமலைகள் கல்லைக் கக்கும். திரை நகர்வது நின்றுவிடும், இசையும் மாறும். புதியவர்கள் கற்களுக்கு நடுவே புகுந்து விலகப் பார்ப்பார்கள், அது வேண்டாத வேலை. வாய்க்கு நேர் மேலே போகாமல், வரும் கல்லைச் சுட்டு உடைத்துக்கொண்டே சின்னச் சின்ன அசைவில் நில்லுங்கள். லேசரும் ஒரு ஆப்ஷனும் இருந்தால் உங்கள் முன்னால் ஒரு சுவர் எழும்பிய மாதிரி இருக்கும்.

ஐந்தாவது படி: ஆப்ஷனை ஓட்டக் கற்பது

ஆப்ஷன் என்பது உங்கள் பின்னால் வரும் ஒளிக்குமிழ். நீங்கள் சுடுவதை எல்லாம் அதுவும் சுடும், மிஸைல் உட்பட. அதற்குச் சாவு கிடையாது, குண்டு பட்டாலும் மலையில் நுழைந்தாலும் ஒன்றும் ஆகாது. நீங்கள் போன தடத்திலேயே, கொஞ்ச தூரம் தள்ளி வரும். நீங்கள் நின்றால் அதுவும் நின்ற இடத்தில் நிற்கும்.

இந்தக் கடைசி வரியில்தான் வித்தை இருக்கிறது. வலது பக்கமாக நேரே போய் நின்றால் ஆப்ஷன்கள் உங்கள் பின்னால் ஒரே கோட்டில் நிற்கும், எல்லாக் குண்டும் ஒரே வரிசையில் போகும். அதே நேரம் மேலிருந்து கீழே இறங்கி நின்றால் ஆப்ஷன்கள் செங்குத்தாக அடுக்கி நிற்கும், பாதித் திரையை உங்கள் குண்டு மறைத்துவிடும். ஆகவே ஆபத்தான இடத்துக்கு முன்னால் 'எங்கே போய் நிற்பது' என்று மட்டும் யோசிக்காமல் 'எந்த வழியாகப் போய் நிற்பது' என்றும் யோசிக்க வேண்டும். பயிற்சி முறையில் ஒரு பத்து நிமிடம் எதையும் சுடாமல் ஆப்ஷன்களை அடுக்கிப் பாருங்கள். கோலத்துக்குப் புள்ளி வைப்பது மாதிரி, கைக்கு வந்துவிட்டால் யோசிக்காமலே வரும்.

ஆறாவது படி: பாஸ்

ஸ்டேஜ் முடிவில் காத்திருக்கும் பெரிய எதிரிதான் பாஸ். 'மையத்தைச் சுடு' என்று கேமே சொல்லிக்கொடுக்கும். பிக் கோர் என்ற அந்தப் பெரிய கப்பலின் நடுவில் உருண்டையான மையம் இருக்கிறது, அதற்கு முன்னால் வரிசையாகத் தடுப்புகள். ஒவ்வொன்றாக உடைத்து உள்ளே போக வேண்டும், வேறு எங்கே சுட்டாலும் வீண். அது மேலும் கீழும் நகர்ந்துகொண்டே நான்கு லேசர்களை ஒன்றாக விடும்.

ஆப்ஷன் இல்லாமல் என்றால், மையத்துக்கு நேரே போய்ச் சுடு, அது சுடும் நேரத்தில் விலகு, மறுபடி நேரே வா என்று ஒரு தாளத்தில் ஆட வேண்டும். ஆப்ஷன் இருந்தால் சோம்பேறித்தனமான வழி இருக்கிறது: ஆப்ஷன் மையத்துக்கு நேரே நிற்கிற மாதிரி நீங்கள் கொஞ்சம் மேலேயோ கீழேயோ விலகிக்கொள்ளுங்கள். வேலையை அது செய்யும், அடி உங்கள் மேல் விழாது. ஸ்டேஜுக்கு ஸ்டேஜ் இதே பாஸ் திரும்பத் திரும்ப வருவதால் ஒருமுறை பழகினால் போதும்.

ஏழாவது படி: செத்த பிறகு

ஒரே ஒரு குண்டு. 30 காப்ஸ்யூல் சேர்த்துக் கட்டிய கப்பல் போய்விட்டது. செக்பாயிண்டில், அதாவது செத்தால் மறுபடி தொடங்கும் இடத்தில், வெறும் கப்பலோடு, வேகமும் இல்லாமல் நிற்கிறீர்கள், எதிரே மோவாய்ச் சிலைகள் (ஈஸ்டர் தீவின் பெரிய கல் முகங்கள்) வாயைத் திறந்துகொண்டிருக்கின்றன. இந்த நிலைக்கு ஆட்டக்காரர்கள் வைத்த பெயர் 'கிரேடியஸ் சிண்ட்ரோம்'. ஒரு லைஃப் போனால் மற்ற லைஃப்களும் அடுத்தடுத்து போவது இதனால்தான்.

இங்கேதான் நிறையப் பேர் விட்டுவிட்டுப் போகிறார்கள். நேர்மையாகச் சொன்னால் இது இந்த கேமின் குறைதான். நன்றாக ஆடுகிறவருக்கு மேலும் பலம், விழுந்தவருக்கு மேலும் அடி. ஆனால் தப்பிக்க வழி இருக்கிறது. செக்பாயிண்ட் ஒவ்வொன்றுக்கும் பின்னால் சில காப்ஸ்யூல்கள் எப்போதும் ஒரே இடத்தில்தான் வரும். முதல் இரண்டு எங்கே என்று மட்டும் தெரிந்து வைத்துக்கொள்ளுங்கள். முதலாவது வேகம், கேள்வியே இல்லை. மற்றது இடத்தைப் பொறுத்தது. பயிற்சி முறையில் வேண்டுமென்றே வெறும் கப்பலோடு அந்த இடத்திலிருந்து தொடங்கிப் பழகுங்கள். முழு ஆயுதத்தோடு பழகுவதைவிட இதுதான் உங்களைக் கடைசிவரை கொண்டுபோகும்.

பின்னோக்கி இழுக்கும் வசதி ஏமாற்று வேலை என்று சிலர் சொல்வார்கள். நான் அப்படி நினைக்கவில்லை. செத்த உடனே ஐந்து விநாடி பின்னால் இழுத்து, 'எந்தக் குண்டு, எங்கிருந்து வந்தது' என்று பார்ப்பதற்கு அதைவிட நல்ல வாத்தியார் கிடையாது. பார்த்துவிட்டு அங்கிருந்தே தொடராமல் செக்பாயிண்டிலிருந்து ஆடுங்கள், அதுதான் வித்தியாசம்.

இன்னொன்று: ஆர்கேடில் உங்கள் ஆயுதம் ஏற ஏற எதிரிகளும் அதிகமாகச் சுடத் தொடங்குவார்கள். நன்றாக ஆடும்போது திடீரென்று கடினமாகிவிட்டதே என்று தோன்றினால் அது பிரமை இல்லை.

மீதி ஸ்டேஜ்கள், ஓட்டமாக

இரண்டாவதில் கற்கள் அடுக்கிய குறுகலான வழிகள், நிதானம்தான் ஆயுதம். மூன்றாவது மோவாய்ச் சிலைகள். அவற்றின் வாயிலிருந்து வரும் வளையங்களைச் சுட்டே உடைக்கலாம், சிலையை அழிக்கத் திறந்த வாயில்தான் சுட வேண்டும். ஆப்ஷன்களைச் செங்குத்தாக அடுக்கும் கலை இங்கேதான் காசாகும். நான்காவது முதல் ஸ்டேஜைத் தலைகீழாகத் தொங்கவிட்டது, எரிமலை உட்பட. ஐந்தாவதில் கை நீட்டிப் பிடிக்கும் உயிர்கள். கையோடு மல்லுக்கட்டாமல் நடு உடலைச் சுடுங்கள், கேடயம் இருந்தால் நிம்மதி. அந்தக் கேடயம் முன்பக்கத்தை மட்டுமே காக்கும் என்பதையும், அடிபட அடிபடச் சுருங்கும் என்பதையும் மறக்க வேண்டாம். ஆறாவது உயிரணுக்கள் மிதக்கும் வெளி. ஏழாவது எதிரியின் கோட்டை, சந்துபொந்துகள் நிறைந்தது. முதல் நிமிடத்தில் ஆசைப்பட்டு வாங்கிய கூடுதல் வேகத்துக்கு இங்கேதான் வட்டியோடு கட்ட வேண்டியிருக்கும். கடைசியில் ஒரு பெரிய மூளை காத்திருக்கும். பயப்படாதீர்கள், அது திருப்பிச் சுடவே சுடாது.

காதுக்கு ஒரு சங்கதி

ஆர்கேட் மூலத்தின் முதல் வடிவம் காந்தக் குமிழி நினைவகத்தில் இயங்கியது. அந்த நினைவகம் சரியாக வேலை செய்ய அதற்குக் கொஞ்சம் சூடு ஏற வேண்டும். காலையில் இயந்திரத்தைப் போட்டால் உடனே கேம் வராது. எண்கள் கீழ்நோக்கி ஓட, காத்திருக்கிற நேரத்துக்கென்றே ஒரு மென்மையான மெட்டு ஒலிக்கும். 'மார்னிங் மியூசிக்' என்று பெயர். கடை திறக்கிற ஊழியர் மட்டும் தினமும் கேட்ட பாட்டு. ஒரு முறையாவது தேடிக் கேளுங்கள், அடுத்த நிமிடம் குண்டு மழை பொழியப் போகிற கேமின் பாட்டு என்று யாரும் நம்ப மாட்டார்கள்.

எட்டாவது படி: மேல் மேல் கீழ் கீழ்

கொனாமியின் இன்னொரு கேமான கான்ட்ராவில் 30 லைஃப் வாங்க நாம் மனப்பாடம் செய்த அந்த மந்திரம் பிறந்த வீடு கிரேடியஸ்தான். ஃபாமிகாம் பதிப்பைச் செய்துகொண்டிருந்த கசுஹிசா ஹாஷிமோட்டோவுக்குச் சோதித்துப் பார்க்க அந்த கேம் ரொம்பக் கடினமாக இருந்தது. தனக்கு எளிதாக நினைவிருக்கிற ஒரு பொத்தான் வரிசையை உள்ளே வைத்தார், அதைத் தட்டினால் ஆயுதங்கள் கைக்கு வரும். கேம் வெளியானபோது அது நீக்கப்படாமல் உள்ளேயே இருந்துவிட்டது. அவர் 2020 பிப்ரவரியில் காலமானார்.

போடுவது இப்படி: ஆட்டத்தின் நடுவே ஸ்டார்ட் அமுக்கி நிறுத்துங்கள். மேல், மேல், கீழ், கீழ், இடது, வலது, இடது, வலது, பி, ஏ. மறுபடி ஸ்டார்ட். மிஸைல், ஆப்ஷன்கள், கேடயம் என்று கப்பல் நிறைந்து நிற்கும். இதை முதல் ஸ்டேஜில் வீணாக்காதீர்கள். அங்கே காப்ஸ்யூல் தானாகவே கிடைக்கும். செக்பாயிண்டில் வெறும் கப்பலோடு நிற்கும் நேரத்துக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

முதல் கிரேடியஸ் கைக்கு வந்த பிறகு 1988இன் கிரேடியஸ் 2க்குப் போகலாம். அதில் ஆயுத வரிசையை நீங்களே தேர்ந்தெடுக்கலாம், எனக்கு இந்த வரிசையிலேயே பிடித்தது அதுதான். சூப்பர் என்இஎஸ்ஸுக்கு 1990இல் வந்த கிரேடியஸ் 3ஐ ஆடுகிறவர்களுக்கு மட்டும் ஒரு எச்சரிக்கை. மேலே சொன்ன மந்திரம் அதிலும் உண்டு, ஆனால் இடது வலதுக்குக் கன்ட்ரோலரின் மேல் விளிம்பில் இருக்கும் எல், ஆர் பொத்தான்களை அமுக்க வேண்டும். பழைய பழக்கத்தில் திசைப் பொத்தானையே அமுக்கினால் முதலில் எல்லா ஆயுதமும் வரும். சந்தோஷப்பட்டு முடிப்பதற்குள் கப்பல் தானாகவே வெடித்துச் சிதறும்.